பெண்கள் தட்டி ஆயா

இரண்டு வருஷம், ஞாயிறு தவிர எல்லா நாளும், காலை வண்டிக்கு முன்னால் அந்த அம்மாள் என்னைத் தொட்டுப் பார்த்தாள். நெற்றி, கழுத்து, இரண்டு அக்குள், அப்புறம் புடவை மடிப்பின் மேலாகத் தொடை இடுக்கு. என்னைப் பெற்றவள்கூட அத்தனை முறை என்னைத் தொட்டிருக்க மாட்டாள். அப்படியும் அவள் பேரை நான் ஒரு நாளும் கேட்கவில்லை. ஸ்டேஷனில் எல்லோரும் ஆயா என்றார்கள். அவள் அந்தப் பக்கம் போனதும் கட்டிக்காரி என்றார்கள்.

எங்கள் ஸ்டேஷன் கண்டோன்மென்டுக்குக் கிழக்கே, கொய்யாத் தோட்டங்களுக்கு நடுவில் இருந்தது. ரொம்பச் சின்னது. முதலில் அங்கே என்ஜினுக்கு விறகும் தண்ணீரும் ஏற்றத்தான் வண்டி நின்றதாம். நின்ற வண்டியில் காய்கறிக் கூடைக்காரிகள் ஏறத் தொடங்கினார்கள். அவர்களுக்காக ஒரு டிக்கெட் ஜன்னல் வைத்தார்கள். ஜன்னலுக்காக ஒரு அறை கட்டினார்கள், அறைக்காக ஒரு ஸ்டேஷன் மாஸ்டர் வந்தார். இதெல்லாம் அப்பா சொன்னது. அவர் அங்கே பாயிண்ட்ஸ்மேன்; தண்டவாளம் பிரியும் இடத்தில் நெம்புகோலைத் தள்ளி வண்டிக்கு வழி மாற்றுகிற வேலை. அதற்காக ரயில் கம்பெனி கொடுத்த ஒற்றை அறை வீட்டில்தான் அப்பா, அம்மா, அக்கா, நான் நான்கு பேரும் இருந்தோம். அந்த வரிசை வீடுகளை லைன் என்போம்.

நாளைக்கு நாலு வண்டி நிற்கும். மணிக்குப் பதில் ஒரு தண்டவாளத் துண்டைக் கட்டித் தொங்கவிட்டிருந்தார்கள். பார்சல் எடுப்பார்கள், தந்தி அடிப்பார்கள், கோடையில் பிராமணர் ஒருவர் செம்பில் தண்ணீர் ஊற்றுவார். உடம்பில் கட்டி கிளப்பிக் கொல்கிற பிளேக் வந்ததும் இந்த வசதிகளோடு இன்னொன்றும் சேர்ந்தது. வண்டி ஏற வருகிற ஒவ்வொருவரையும் சோதித்துத்தான் ஏற்ற வேண்டும் என்று உத்தரவு. ஆண்களை, ஆஸ்பத்திரியில் காயத்துக்குக் கட்டுப் போடுகிற டிரெஸ்ஸர் ஒருவர் சட்டையைக் கழற்றச் சொல்லித் திறந்த வெளியிலேயே பார்த்தார். பிளாட்பாரத்தின் மறு கோடியில் மூங்கில் தட்டி கட்டி மறைத்த இடம் பெண்களுக்கு. அதற்குள் அவள் நின்றாள்.

நான் கண்டோன்மென்டில் மிஷன் பள்ளிக்கூடத்துக்குப் போய்க்கொண்டிருந்தேன். எங்கள் குடும்பத்தில் பெருவிரல் மை இல்லாமல் பேர் எழுதிய முதல் ஆள் நான்தான். லைனில் யாருக்குக் கடிதம் வந்தாலும் என்னிடம்தான் கொண்டுவருவார்கள். இதில் எனக்கு இருந்த கர்வம் கொஞ்சநஞ்சமில்லை. அதனால் முதல் நாள் தட்டிக்குள் போனதும், கையைத் தூக்க மாட்டேன் என்று நின்றேன்.

"நான் பள்ளிக்கூடத்துப் பொண்ணு" என்றேன்.

"அப்படியா? பள்ளிக்கூடத்துப் பொண்ணுன்னா கட்டி பயந்துக்கிட்டு ஓடிடுமா கண்ணு? தூக்கு கையை."

பின்னால் நின்ற கூடைக்காரிகள் சிரித்தார்கள். நான் கையைத் தூக்கினேன். அவள் என் முகத்தைப் பார்க்கவில்லை. தட்டியின் இடுக்கு வழியே வெளியே தெரிந்த சிக்னல் கம்பத்தைப் பார்த்துக்கொண்டே விரல்களை மட்டும் ஓட்டினாள். யாரைத் தொடும்போதும் அப்படித்தான். பார்க்கிற கண் வேறே, பார்க்கிற கை வேறே.

ஐம்பது வயது இருக்கும். கண்டோன்மென்ட் பக்கத்துக் கத்தோலிக்க விதவை. அதற்கு முன்னால் பிரசவ ஆஸ்பத்திரியில் ஆயாவாக இருந்தவள். ஒவ்வொரு பெண்ணைத் தொட்ட பிறகும் கார்பாலிக் மருந்து கலந்த தண்ணீரில் கையை முக்குவாள். அதனால் வலது கை மட்டும் வெளுத்து, தோல் சுருங்கி, வேறு யாருடைய கையோ மாதிரி இருக்கும். அந்த வாசனை கையை விட்டுப் போகாததால் அவளால் கையால் பிசைந்து சாப்பிட முடியவில்லை. தகர ஸ்பூன் ஒன்று வைத்திருந்தாள்.

"பாருங்கடி, துரைசாணி டிபன் சாப்பிடறா" என்று கூடைக்காரிகள் கேலி செய்வார்கள்.

"நீங்களும் வாங்கடி. உங்க துரைகிட்ட சொல்லி ஆளுக்கு ஒரு ஸ்பூன் வாங்கித் தரச் சொல்றேன்" என்பாள்.

மார்கழி மாதத்தில் ஒரு மண்சட்டியில் கரி நெருப்பு வைத்திருப்பாள். ஒவ்வொருத்தியைத் தொடுவதற்கு முன்பும் கையை அதன்மேல் காட்டிச் சூடேற்றிக்கொள்வாள். அவளுக்கு இளகின மனசு என்று நான் நினைத்து ஒருமுறை சொல்லியும்விட்டேன். "மனசாவது மண்ணாவது. சில்லுனு பட்டா உடம்பு உதறும். அப்புறம் குளிர்ல உதறுறவ எவ, காய்ச்சல்ல உதறுறவ எவன்னு எப்படிக் கண்டுபிடிக்கறது?" என்றாள்.

கட்டி இல்லையென்றால் டிக்கெட்டின் பின்பக்கம் நீலப் பென்சிலால் ஒரு கோடு போட்டு, "போ தாயி, வண்டி ஏறு" என்பாள். சந்தேகம் என்றால் கத்த மாட்டாள், டிரெஸ்ஸரைக் கூப்பிட மாட்டாள். மெதுவாக, "கொஞ்சம் உக்காரும்மா" என்பாள். அவ்வளவுதான். அந்தப் பெண்ணுக்குப் புரிந்துவிடும். உட்கார்ந்தவர்களை மத்தியானம் மாட்டு வண்டியில் ஏற்றி, ஏரிக்கு அந்தப்பக்கம் போட்டிருந்த கேம்ப் கொட்டகைக்குக் கொண்டுபோவார்கள். போனவர்களில் திரும்பியவர்கள் குறைவு. ஆயாவுக்கு எழுதத் தெரியாது. ஆனால் அந்த ஒரு வாக்கியத்தை மட்டும் தமிழ், கன்னடம், தெலுங்கு, உருது நாலிலும் சுத்தமாகப் பேசுவாள். "ஸ்வல்ப கூத்கொள்ளம்மா." "ஜரா பைட்டோ மா." பர்தாப் பெண்கள் ஜட்கா வண்டியிலிருந்து இறங்காமல் திரைக்குள் இருந்தால், அவளே திரைக்குள் தலையை விட்டுச் சொல்லிவிட்டு வருவாள்.

அதன் பிறகு எங்கள் லைனில் யாரும் வீட்டுக்கு வந்தவர்களிடம் 'கொஞ்சம் உட்காருங்கள்' என்று சொல்வதில்லை. 'இப்படி வாங்க' என்று பாயைக் காட்டுவார்கள். யாரும் கூடிப் பேசி ஏற்படுத்திய வழக்கமில்லை, தானாக வந்துவிட்டது. அக்காவுக்கு வளைகாப்பு நடந்தபோது ஆயா வந்தாள். அம்மாதான் வழியில் பார்த்துக் கூப்பிட்டிருந்தாள். ஆயா வாசற்படியிலேயே நின்றாள். உள்ளே வா என்று ஒருவரும் சொல்லவில்லை, அவளும் எதிர்பார்க்கவில்லை. எல்லாப் பெண்களும் அக்காவுக்கு ஒரு ஜோடி வளையல் போட்டார்கள். அவள் கொண்டுவந்த பச்சை வளையலை என்னிடம் கொடுத்து, "நீ போட்டுவிடு. என் கை வேணாம்" என்றாள்.

அவள் கை தப்பியதே இல்லை என்று டிரெஸ்ஸரே சொல்வார். அவள் மட்டும் அப்படிச் சொல்ல மாட்டாள். அதற்குக் காரணம் உண்டு. கோட்டைப் பக்கத்திலிருந்து வந்த ஒரு கன்னடப் பெண்ணை ஒருமுறை உட்கார வைத்தாள். கைக்குழந்தைக்காரி. அக்குளில் வீக்கம், உடம்பில் காய்ச்சல். "பால் கட்டிக்கொண்டது தாயே, வேறொன்றுமில்லை" என்று அவள் கன்னடத்தில் கெஞ்சியது தட்டிக்கு வெளியே வரிசையில் நின்ற எனக்குக் கேட்டது. ஆயா விடவில்லை. கேம்பில் இரண்டே நாளில் வீக்கம் வடிந்துவிட்டது. நிஜமாகவே பால்கட்டுதான். ஆனால் பத்து நாள் கெடு முடியாமல் வெளியே விட மாட்டார்கள். எட்டாம் நாள் பக்கத்துப் படுக்கைக்காரியின் பிளேக் அவளுக்கும் வந்தது. அவள் செத்த பிறகு குழந்தையை யாரோ எடுத்துப் போனார்கள்.

அதற்குப் பிறகு ஒரு நாள் ஆயா என் அக்குளில் விரலை வைத்தபடியே, என்னிடம் இல்லை, சிக்னல் கம்பத்திடம் சொல்வதுபோலச் சொன்னாள்: "கைக்குக் கட்டி தெரியும். எதனால வந்த கட்டின்னு கைக்கு எப்படித் தெரியும்?"

அக்காவுக்குப் பெண் குழந்தை பிறந்தது. இரண்டாம் மாதம் முடிந்ததும் அக்காவை அழைத்துப் போக அவள் புருஷன், எங்கள் மாமா, கோலார் தங்கவயலிலிருந்து வந்தார். சுரங்கத்தில் வேலை, ஒரு நாள்தான் லீவு. புறப்படும் நாள் விடியும்போது அக்காவுக்கு உடம்பு கொதித்தது. இடது அக்குளில் நெல்லிக்காய் அளவு வீங்கியிருந்தது. அம்மா தொட்டுப் பார்த்து, "பால்கட்டு. ஊருக்குப் போனதும் குழந்தைக்கு நல்லா குடுத்தா சரியாயிடும்" என்று சொல்லி, நெற்றியில் திருநீறு பூசிவிட்டு, துரை பங்களாவுக்குப் பாத்திரம் தேய்க்கப் போய்விட்டாள். போகாவிட்டால் அந்த வேலை இருக்காது.

மாமா பெட்டியைத் தூக்கிக்கொண்டு முன்னால் போனார். அவருக்குக் காய்ச்சல் விஷயம் சொல்லவில்லை. அக்கா என் கையைப் பிடித்துக்கொண்டாள்.

"அந்தக் கட்டிக்காரி என்னை உக்கார வெச்சிடுவாடி. குழந்தையைப் பிரிச்சிடுவாங்க."

எனக்கு அப்போது பதின்மூன்று வயது. ஸ்டேஷனில் எந்தக் கதவு எந்தப் பக்கம் திறக்கும், எந்த நேரத்தில் யார் எங்கே நிற்பார்கள் என்று எல்லாம் தெரியும். அதைவிட, எனக்கு எல்லாம் தெரியும் என்ற நினைப்பு இருந்தது. பள்ளிக்கூடத்தில் உடம்பைப் பற்றிய பாடம்கூடப் படித்திருந்தேன். "பால்கட்டுக்குப் போய் கேம்புக்கு அனுப்புவாங்களா? நான் ஏத்திவிடறேன், வா" என்றேன்.

சோதனைக்குத் தப்பி ஏறுகிறவர்கள் லைன்காரர்களாக இருந்தால் அந்த வீட்டு ஆம்பிளைக்கு வேலையும் போகும், வீடும் போகும் என்று முந்தின மாதம்தான் ஸ்டேஷன் மாஸ்டர் எல்லோரையும் நிற்கவைத்துப் படித்துக் காட்டியிருந்தார். அதுவும் எனக்குத் தெரியும்.

பார்சல் கொட்டகைக்குப் பின்னால் சுற்றி, தண்டவாளத்தைத் தாண்டி, வண்டிக்கு அந்தப்பக்கம் போனோம். பிளாட்பாரம் இல்லாத பக்கம். பெண்கள் பெட்டியின் கதவைத் தட்டினேன். உள்ளே இருந்த ஒரு கிழவி திறந்தாள். படி உயரம். அக்கா ஒரு கையால்தான் கம்பியைப் பிடித்தாள், இடது கையை விலாவோடு ஒட்டி வைத்துக்கொண்டே ஏறினாள். நான் குழந்தையைத் தூக்கிக் கொடுத்தேன்.

திரும்பினால் ஆயா நிற்கிறாள். பிளாட்பாரம் சரிந்து இறங்கும் முனைக்கு மருந்துத் தண்ணீரைக் கொட்ட வந்தவள். கையில் காலி பேசின். எங்களுக்கு நடுவே இருபது அடி இருக்கும். அவள் அக்காவின் ஒட்டிய கையைப் பார்த்தாள். குழந்தையைப் பார்த்தாள். வாயைத் திறந்தாள் என்றுதான் எனக்கு ஞாபகம். பிறகு முகத்தைத் திருப்பிக்கொண்டு தட்டிக்குள் போய்விட்டாள். வண்டி கிளம்பியது. அப்பா பாயிண்ட் பக்கத்தில்தான் நின்றிருந்தார். அவர் எதைப் பார்த்தார், எதைப் பார்க்கவில்லை என்று நான் கேட்டதில்லை.

ஐந்தாம் நாள் தந்தி வந்தது. எங்கள் வீட்டுக்கு வந்த முதல் தந்தி. ஸ்டேஷன் மாஸ்டர் அதை வாங்கி வைத்துக்கொண்டு, அப்பாவிடம் சொல்ல நாக்கு வராமல் என்னைக் கூப்பிட்டு, "நீயே வாசிச்சுச் சொல்லும்மா" என்றார். நாலு இங்கிலீஷ் வார்த்தை. எனக்கு எல்லாமே புரிந்தது. அப்பா என் வாயையே பார்த்துக்கொண்டு நின்றார். குழந்தையைப் பற்றிய தந்தி அதற்கடுத்த வாரம் வந்தது. அதையும் நான்தான் வாசித்தேன். அக்காவுக்கு வந்தது பால்கட்டு இல்லை.

விசாரணைக்கு டாக்டர் துரை, தண்டவாளத்தில் ஆள் தள்ளிவரும் டிராலியில் வந்தார். செத்துப் போனவளின் டிக்கெட்டில் நீலக் கோடு இல்லை என்று தங்கவயலில் கண்டுபிடித்திருந்தார்கள். டிக்கெட் ஜன்னலுக்கு முன்னால் மேசை போட்டு உட்கார்ந்து, அப்பாவையும் ஆயாவையும் நிறுத்தினார்கள். அப்பா தலைப்பாகையை அவிழ்த்துக் கையில் வைத்திருந்தார். நான் தண்டவாளத் துண்டு தொங்கும் தூணுக்குப் பக்கத்தில் நின்றேன். துரை கேட்டதை ஸ்டேஷன் மாஸ்டர் தமிழில் சொன்னார்.

"இந்தப் பொம்பளை உன்கிட்ட வராம ஏறினாளா? நிஜத்தைச் சொல்லு."

"வந்தா சாமி. நான்தான் பார்த்தேன்."

"அப்போ கோடு எங்கே?"

"போட மறந்துட்டேன்."

"கட்டி இருந்திருக்கே. கையில தட்டுப்படலையா?"

"தட்டுப்படலை."

ஸ்டேஷன் மாஸ்டர் துரைக்கு அதை இங்கிலீஷில் சொல்லாமல் ஒரு நிமிஷம் அவளையே பார்த்தார். "உன் கை தப்பாதே ஆயா" என்றார்.

"தப்பிடுச்சுங்க. மருந்துல ஊறி ஊறி மரத்துப்போச்சு."

துரை ஏதோ எழுதினார். அப்பாவைப் போகச் சொன்னார்கள். அவளை மறுநாளே வேலையை விட்டு நிற்கச் சொன்னார்கள்.

அன்று சாயங்காலம் ஸ்டேஷன் குழாயடியில் அவள் தன் பேசினைக் கழுவிக்கொண்டிருந்தாள். பக்கத்தில் யாருமில்லை. நான் போய் நின்றேன்.

"ஏன் ஆயா பொய் சொன்னே?"

"நீ போயி நெசத்தைச் சொல்றியா?"

நான் குழாயை இறுக்கி மூடினேன்.

"சொல்ல மாட்டே. எனக்குத் தெரியும். சொல்லாதே. சொன்னா உங்கப்பன் தெருவுக்கு வரணும், நீ பலகையைப் போட்டுட்டு உங்கம்மாகூடப் பாத்திரம் தேய்க்கப் போகணும். செத்தவ எழுந்து வரப் போறாளா?"

"எனக்காகவா சொன்னே?"

"உனக்காகன்னு நெனைச்சுக்காதே." பேசினைக் கவிழ்த்து வைத்தாள். "அந்தக் கன்னடத்துக்காரியை மாருல பாலோட உக்கார வெச்சேன், செத்தா. இன்னொருத்தியை அப்படி உக்கார வெக்க என்னால முடியலை, விட்டுட்டேன். இவளும் செத்தா. உக்கார வெச்சிருந்தா குழந்தையாவது..." பேசினை மறுபடி கையில் எடுத்துக்கொண்டாள். "போடி. இங்கே நிக்காதே" என்றாள். அதுவரை என்னை அவள் போடி என்றதில்லை.

மறுநாள் காலை அவள் போனாள். வேலை போனவளுக்கு இலவச வண்டி கிடையாது. ஒரு மூட்டையோடு தண்டவாளத்தை ஒட்டி கண்டோன்மென்ட் பக்கம் நடந்தாள். லைன் பெண்கள் வாசலில் நின்று பார்த்தார்கள். அம்மா ஓடினாள். தலைமுடி அவிழ்ந்து கிடந்தது. இரண்டு கையாலும் மண்ணை வாரி அவள்மேல் இறைத்தாள்.

"என் பொண்ணைத் தொட்டியே, அந்தக் கை அழுகிப் போகணும்! தொட்டுத் தொட்டு நீதாண்டி ஊரெல்லாம் பரப்பினே! நீயும் மண்ணாப் போ!"

ஆயா நின்றாள். தலையில் விழுந்த மண்ணைக்கூடத் தட்டவில்லை. அம்மா மறுபடி வாரினாள், மறுபடி இறைத்தாள். அப்பா போய் அம்மாவை இழுத்து வந்தார். அவர் ஆயாவின் பக்கம் முகத்தைத் தூக்கவேயில்லை. நான் புத்தகப் பையைத் தோளில் மாட்டிக்கொண்டு பிளாட்பாரத்தில் நின்றேன். ஆயா எந்தப் பக்கமும் பார்க்காமல் நடந்தாள். அவள் பிறகு எங்கே இருந்தாள், இருக்கிறாளா இல்லையா, ஒன்றும் தெரியாது. தேடவும் இல்லை. தேடினால் என்ன சொல்வேன் என்பது எனக்கு இன்றுவரை தெரியவில்லை. தட்டிக்குள் வேறு ஒருத்தி வந்தாள். அவளும் தொட்டாள். நான் வண்டி ஏறினேன்.

அப்பாவுக்கு வேலை இருந்தது. எங்களுக்கு வீடு இருந்தது. என் படிப்பு நிற்கவில்லை. பள்ளிக்கூடத்தில் எல்லாப் பரீட்சையும் தேறினேன், அதற்குமேல் டீச்சர் பயிற்சியும் முடித்தேன். இப்போது அதே மிஷன் பள்ளிக்கூடத்தில் சொல்லிக்கொடுக்கிறேன். இதெல்லாம் என் சாமர்த்தியம் என்று நான் நினைத்த நாள்கள் உண்டு. மற்றவர்கள் இன்றும் அப்படித்தான் சொல்கிறார்கள். நான் மறுப்பதில்லை.

அப்பா போன வருஷம் தவறிவிட்டார். நானும் அம்மாவும் லிங்கராஜபுரத்தில் சின்ன வீடு ஒன்றில் இருக்கிறோம். ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் அக்கம்பக்கத்துப் பெண்கள் அம்மாவிடம் அரிசி பொறுக்கிக்கொண்டே பேச வருவார்கள். இன்றும் வந்திருக்கிறார்கள். யாரோ பிளேக் என்று பேச்செடுக்க, அம்மா வழக்கம்போல அந்தக் கட்டிக்காரியைச் சபிக்கத் தொடங்கியிருக்கிறாள். இந்தப் பத்து வருஷமாக அதே வார்த்தைகள். நெஞ்சில் அடித்துக்கொள்கிற சத்தம் இங்கே மேசை வரைக்கும் கேட்கிறது. எழுந்து போய் அவள் எதிரில் உட்கார்ந்து, அந்தக் கை அக்காவைத் தொடவே இல்லை அம்மா, வண்டியின் அந்தப்பக்கமாக ஏற்றிவிட்டது நான்தான் என்று சொல்லிவிடலாம். அவ்வளவுதான் செய்ய வேண்டியது. அதற்குப் பதில் இதை எழுதிக்கொண்டிருக்கிறேன்.

அம்மாவுக்குப் படிக்கத் தெரியாது.

சற்று முன்னால் அவள் உள்ளே வந்தாள். என் தோளுக்குப் பின்னால் நின்று, நிரம்பிய பக்கங்களைப் பார்த்தாள். கண்ணைத் துடைத்துக்கொண்டு, "இவ்வளவும் நீயே எழுதினதா கண்ணு?" என்று கேட்டாள். ஆமாம் என்றேன். ஒரு டம்ளர் மோரை மேசையில் வைத்துவிட்டு வெளியே போனாள்.

"மெதுவாப் பேசுங்கடி" என்று அவர்களை அதட்டுகிறாள். "என் பொண்ணு எழுதறா."